அறுபது சாந்திப் பணத்தை அலையாத்திக் காட்டுக்குக் கொடுப்பது பற்றி: விவரம் தெரிந்தவர்கள் சொல்லுங்கள்

ஆத்தங்குடிக்காரன்:
எல்லோருக்கும் வணக்கம். அப்பச்சிக்கு வருகிற தையில் அறுபது சாந்தி. விருந்தைச் சுருக்கி மிச்சமாகும் பணத்தைக் கடற்கரையில் அலையாத்தி மரம் (உப்புநீர்ச் சேற்றில் வளரும் மாங்குரோவ்) வளர்க்கக் கொடுக்கலாம் என்று அப்பச்சியே சொன்னார்கள். கஜா புயலில் புதுக்கோட்டைப் பக்கம் எங்கள் சொந்தக்காரர்களின் தோப்பெல்லாம் படுத்ததைப் பார்த்ததிலிருந்து அவர்களுக்கு இந்த எண்ணம் இருக்கிறது. ஒரு குழு வீட்டுக்கே வந்து பேசினார்கள். கன்றுக்கு இவ்வளவு என்று கொடுத்தால் போதுமாம், தொண்டிக்குத் தெற்கே ஒரு சேற்று வெளியில் குடும்பத்தோடு வந்து நாமே நடலாம், வரிசைக்கு ஒரு பெயர்ப்பலகையும் வைப்பார்களாம். கொடுக்கலாமா? இந்தக் காட்டைப் பற்றி ஆய்வு செய்தவர்கள் என்ன சொல்கிறார்கள் என்று யாருக்காவது தெரியுமா?

செக்காலை:
நல்ல எண்ணம், அப்பச்சிக்கு என் வணக்கத்தைச் சொல்லுங்கள். ஆனால் நாம் இருப்பது செட்டிநாட்டுச் செம்மண் பூமியில். ஊரணி தூர்வாரக் கொடுத்தால் கண் முன்னால் பலன் தெரியும். கடலோரத்து மரத்துக்கும் நமக்கும் என்ன?

கல்லுக்கட்டி:
தம்பி, பணம் கொடுப்பதற்கு முன் கேட்டீர்களே, அதுவே நல்லது. நான் தாவரவியல் படித்தவன், பரங்கிப்பேட்டையில் கொஞ்ச காலம் இருந்தவன், அதனால் நீளமாக எழுதுகிறேன், பொறுமையாகப் படியுங்கள்.

பிச்சாவரத்தில் நடந்த கதையிலிருந்து தொடங்குகிறேன். பிரிட்டிஷ் காலத்திலிருந்து 1970கள் வரை அந்தக் காட்டைப் பகுதி பகுதியாக மொட்டையடித்து வெட்டினார்கள், விறகுக்கும் மரத்துக்கும். வெட்டிய இடம் தானாக மறுபடி முளைக்கும் என்று நம்பினார்கள். முளைக்கவில்லை. பல ஆண்டுகள் கழித்தும் நடுவில் வெறும் பொட்டல். பக்கத்து ஊர்க்காரர்கள் மாடு மேய்ப்பதும் விறகு பொறுக்குவதும்தான் காரணம் என்று பழியை ஏழைகள் தலையில் போட்டார்கள். சென்னை எம்.எஸ். சுவாமிநாதன் ஆராய்ச்சி நிறுவனத்தில் இருந்த வி. செல்வம் என்ற விஞ்ஞானியும் அவருடைய குழுவும் 1990களில் அங்கே போய் மண்ணையும் தண்ணீரையும் அளந்து பார்த்தபோது வேறு விஷயம் தெரிந்தது. மரத்தை வெட்டியதும் வெயில் நேராக மண்ணில் விழுந்து ஈரம் ஆவியாகி, மண் சுருங்கி, அந்த இடம் தாம்பாளம்போல் குழிந்துவிட்டது. கடல் ஏறும்போது உள்ளே வந்த தண்ணீர் வற்றும்போது வெளியே போக வழியில்லை. தேங்கிய தண்ணீர் வெயிலில் காய்ந்து உப்பு ஏறிக்கொண்டே போனது. அலையாத்தி உப்பைத் தாங்கும், ஆனால் எந்த அளவு உப்பையும் தாங்காது.

சரி, என்ன செய்தார்கள்? கன்று நடுவதற்கு முன்னால் கால்வாய் வெட்டினார்கள். ஒரு முதன்மைக் கால்வாய், அதிலிருந்து இருபுறமும் சாய்வாகப் பிரியும் கிளைக் கால்வாய்கள், மேலிருந்து பார்த்தால் மீன் முள் மாதிரி தெரியும். கடல் ஏறும்போது தண்ணீர் உள்ளே வரும், வற்றும்போது முழுக்க வெளியேறும். உப்பு கழுவப்பட்டது. அதன் பிறகுதான் கால்வாயின் சரிவில் கன்றுகள். 1986க்கும் 2002க்கும் இடையே செயற்கைக்கோள் படங்களை ஒப்பிட்டால் பிச்சாவரத்தில் காட்டின் பரப்பு கிட்டத்தட்ட 90 விழுக்காடு கூடியிருந்தது. முத்துப்பேட்டையிலும் இதே முறைதான். அங்கங்கே ஊர் மக்களோடு குழு அமைத்து, கால்வாயில் மண் சேரும்போதெல்லாம் தூர்வார ஏற்பாடு செய்தார்கள். தூர்வாரவில்லை என்றால் எல்லாம் பழையபடி ஆகிவிடும்.

நம் ஆட்களுக்கு இது புரியாத விஷயமே இல்லை. வரத்துக்கால் அடைத்துக் கிடக்கும் ஊரணியில் எத்தனை முறை படிக்கட்டு கட்டினாலும் தண்ணீர் நிற்குமா? அலையாத்திக் காட்டுக்கும் முதலில் தண்ணீர் வந்து போகும் வழி. கன்று அதற்குப் பிறகு. உங்கள் வீட்டுக்கு வந்த குழு கன்றின் விலையை மட்டும் சொல்லி, அந்தச் சேற்று வெளியில் ஏன் இதுவரை ஒரு மரமும் முளைக்கவில்லை என்று சொல்லவில்லை என்றால், பணத்தைக் கையிலேயே வைத்திருங்கள்.

கண்டனூர் ஆச்சி:
கல்லுக்கட்டி அண்ணே சொன்ன பரங்கிப்பேட்டையில் உள்ள கடல் உயிரியல் ஆய்வு நிலையம் அண்ணாமலைப் பல்கலைக்கழகத்தைச் சேர்ந்தது. கானாடுகாத்தான் ராஜா சர் அண்ணாமலைச் செட்டியார் 1929ல் உண்டாக்கிய பல்கலைக்கழகம். செக்காலை தம்பி "நமக்கும் கடலோரத்து மரத்துக்கும் என்ன" என்று கேட்டதற்காகச் சொல்கிறேன்: அந்தப் பரங்கிப்பேட்டையில் வாழ்நாள் முழுக்க அலையாத்தியைப் பற்றியே ஆய்வு செய்த பேராசிரியர் க. கதிரேசன் பிச்சாவரத்தில் ஒரு புது வகைச் சுரபுன்னையை (அலையாத்தி மரங்களில் ஒன்று) கண்டுபிடித்து 1995ல் பெயர் வைத்தார். ரைசோபோரா அண்ணாமலையானா. இரண்டு சுரபுன்னை இனங்கள் இயற்கையாகக் கலந்து பிறந்த மரம். நம் வட்டாரத்துப் பெயர் ஒரு கடலோர மரத்தின் அறிவியல் பெயரில் இருக்கிறது என்று என் பேத்தியிடம் சொன்னபோது அவள் நம்பவே இல்லை, புத்தகத்தை எடுத்துக் காட்ட வேண்டியதாயிற்று.

அதோடு இன்னொன்று. அழகப்பா பல்கலைக்கழகத்துக்குத் தொண்டியிலேயே கடலியல் துறை வளாகம் இருக்கிறது. அங்கே கேட்டுப் பார்த்தீர்களா?

கணக்கு நோட்டு:
ஆச்சி, பெருமை சரிதான். நான் எண்ணிக்கையைக் கேட்கிறேன். பருவநிலை மாற்றத்துக்கு அலையாத்திதான் தீர்வு என்று இப்போது எல்லா இடத்திலும் எழுதுகிறார்கள். 2021 வன நிலை அறிக்கைப்படி தமிழ்நாட்டில் மொத்த அலையாத்திக் காடு 45 சதுர கிலோமீட்டர். இந்தியா முழுக்கச் சேர்த்தாலும் 4,992. அதில் பாதிக்குக் கொஞ்சம் குறைவாக வங்காளத்தில். இந்த 45 சதுர கிலோமீட்டர் எவ்வளவு கரியமில வாயுவை இழுத்துவிடும்? அனல்மின் நிலையங்களின் புகைக்கு முன் இது என்ன கணக்கு? இதைச் சொல்லிப் பணம் வசூலிப்பது எனக்குச் சரியாகப் படவில்லை.

கல்லுக்கட்டி:
நல்ல கேள்வி. அலையாத்தியை நட்டுப் புகையை ஈடுகட்டலாம் என்று சொல்பவர் இருந்தால் நானும் உங்கள் பக்கம். ஆனால் ஆய்வாளர்கள் முக்கியமாகச் சொல்வது அது இல்லை. ஏற்கெனவே மண்ணுக்குள் இருக்கும் கார்பனைக் கிளறிவிடாதே என்பதுதான் அவர்களுடைய முதல் பேச்சு.

காரணத்தைப் பாருங்கள். அலையாத்திச் சேற்றுக்குள் காற்றுப் புகாது. மரமே மூச்சுவிட வேரை மேலே நீட்டுகிறது என்றால் உள்ளே எப்படி இருக்கும்! விழுந்த இலை, செத்த வேர் எதுவும் முழுதாக மட்காமல் அடுக்கடுக்காகப் புதைகிறது. கடல் தண்ணீரில் சல்பேட் இருப்பதால் நன்னீர்ச் சதுப்பைவிட மீத்தேன் உண்டாவதும் குறைவு. டேனியல் டொனாட்டோ, பூன் காஃப்மன், இந்தோனேசியாவின் டேனியல் முர்தியார்சோ இவர்களெல்லாம் சேர்ந்து இந்தோ-பசிபிக் பகுதியில் 25 காடுகளில் சேற்றைத் துளைத்து அளந்து 2011ல் வெளியிட்டார்கள். சராசரியாக ஒரு ஹெக்டேரில் 1,023 டன் கார்பன். அதில் பெரும்பங்கு மரத்தில் இல்லை, மண்ணில். வெப்பமண்டலக் காடுகளின் பரப்பில் அலையாத்தி 0.7 விழுக்காடுதான், ஆனால் அவற்றை அழிப்பதால் வெளியாகும் கார்பன் மொத்தக் காடழிப்புக் கணக்கில் 10 விழுக்காடு வரை போகலாம் என்று அவர்கள் மதிப்பிட்டார்கள். இறால் பண்ணைக்காக ஒரு காட்டைத் தோண்டினால் நூற்றாண்டுகளாகச் சேர்ந்தது சில ஆண்டுகளில் காற்றில் கலந்துவிடும். மறுபடி கன்று நட்டு அந்த அளவைச் சேர்க்க நம் பேரன் காலம் போதாது.

ஒன்றை நானே சொல்லிவிடுகிறேன், அந்த 1,023ஐ அப்படியே தூக்கி நம் கரையில் பொருத்தக் கூடாது. நமது வறண்ட கரை, மரங்கள் குட்டை, ஆற்று நீர் குறைவு. இந்தோனேசியக் காடு வேறு. யாராவது அந்த எண்ணைக் காட்டி இங்கே கார்பன் வரவு (மரம் சேர்த்த கார்பனைக் கணக்கிட்டு, புகை விடுபவர்களுக்கு விற்கும் சான்று) விற்க வந்தால், இந்த மண்ணில் அளந்த அறிக்கை எங்கே என்று கேளுங்கள்.

செக்காலை:
புகை கணக்கு புரிந்தது. புயலுக்குத் தடுப்பு என்பதாவது உறுதியா? சுனாமியில் பிச்சாவரத்து ஊர்கள் தப்பியதற்கு இந்தக் காடுதான் காரணம் என்று பள்ளிப் பாடத்திலேயே படித்தோம்.

கல்லுக்கட்டி:
இதிலும் முழு உண்மையைச் சொல்ல வேண்டும். 2004 சுனாமிக்குப் பிறகு கதிரேசன், ராஜேந்திரன் இருவரும் பரங்கிப்பேட்டைக் கரையில் 18 குப்பங்களை ஆராய்ந்து 2005ல் கட்டுரை வெளியிட்டார்கள். கரையிலிருந்து உள்ளே தள்ளியும் மேட்டிலும் இருந்த ஊர்கள், முன்னால் அடர்ந்த காடு இருந்த ஊர்கள், இவற்றில் உயிர்ச்சேதம் குறைவு என்றார்கள். அடுத்த ஆண்டே வேறு சில ஆய்வாளர்கள் அதே எண்களை எடுத்து மறுபடி கணக்குப் போட்டு, தூரமும் உயரமும்தான் பெரும்பாலும் காரணம், காட்டின் பங்கைத் தனியாகப் பிரித்துக் காட்ட முடியவில்லை என்று எழுதினார்கள். அதற்கும் பதில் வந்தது. அறிவியல் அப்படித்தான் நடக்க வேண்டும், அதனால் கதிரேசன் ஐயா மேல் எனக்கு மரியாதை குறையவில்லை, கூடத்தான் செய்தது. எவ்வளவு சீக்கிரம் களத்துக்குப் போய் ஊர் ஊராகக் கணக்கெடுத்திருக்கிறார்கள்!

சாதாரண அலை பற்றிச் சந்தேகம் இல்லை. 100 மீட்டர் அகலக் காடு அலையின் உயரத்தை 13 முதல் 66 விழுக்காடு வரை குறைக்கும் என்று பல கள அளவீடுகளைத் தொகுத்துச் சொல்லியிருக்கிறார்கள். புயலில் ஏறி வரும் கடலுக்கு இன்னும் எத்தனையோ மடங்கு அகலம் வேண்டும். நாலு வரிசைக் கன்று எந்தப் புயலையும் நிறுத்தாது. கஜாவில் முத்துப்பேட்டைக் காடே கடுமையாக அடிபட்டது, அதையும் மறக்கக் கூடாது.

ரங்கூன் பேரன்:
இத்தனை நாள் இந்தப் பக்கம் எழுதியதில்லை. செக்காலை அண்ணன் கேள்விக்கு என்னிடம் ஒரு பதில் இருக்கிறது.

எங்கள் ஐயா பர்மாவில் பியாபோனில் கடை வைத்திருந்தவர்கள். ஐராவதி டெல்டா. அங்கே சதுப்புக்காட்டை வெட்டி நெல் வயலாக்கிய விவசாயிக்குக் கடன் கொடுத்தது நம் செட்டியார்கள். உலகத்துக்கே அரிசி அனுப்பிய பூமி அது. 1930களின் மந்தத்தில் நெல் விலை விழுந்து கடன் திரும்பாமல், கீழ்ப் பர்மாவின் முக்கிய நெல் மாவட்டங்களில் கால்பங்கு நிலம் செட்டியார் கைக்கு வந்தது என்று வரலாற்றில் எழுதியிருக்கிறார்கள். எங்கள் வீட்டுப் பட்டாலையில் நிற்கும் தேக்குத் தூண் அந்தப் பணத்தில் வந்தது. 2008 மே மாதம் நர்கிஸ் புயல் அதே டெல்டாவில் ஏறியது. போகலே, லபுட்டா, பியாபோன். செத்தவர்களும் காணாமல் போனவர்களும் சேர்ந்து சுமார் 1,38,000 பேர். அலையாத்திக் காடு அழிந்ததால்தான் கடல் இவ்வளவு உள்ளே வந்தது என்று அப்போது ஆசியான் அமைப்பின் பொதுச்செயலாளராக இருந்தவரே சொன்னார். பின்னால் வந்தவர்கள் அடுப்புக் கரிக்காகவும் இறாலுக்காகவும் வெட்டியதும் உண்டு, எல்லாவற்றையும் நம் கணக்கில் எழுத முடியாது. ஆனாலும் முதல் கோடாலிக்குக் காசு கொடுத்தவர்களில் நாமும் இருந்தோம். அந்த வயலில் உழைத்த பர்மியக் குடியானவனின் பேரப்பிள்ளைகள்தான் நர்கிஸில் போனார்கள். எங்கள் வளவில் உட்கார்ந்து அந்தச் செய்தியைப் படித்தபோது அப்பத்தா அன்று முழுக்கச் சாப்பிடவில்லை.

கடலோரத்து மரத்துக்கும் நமக்கும் கொடுக்கல் வாங்கல் இருக்கிறது அண்ணே. நூறு வருஷமாக இருக்கிறது.

செக்காலை:
படித்தேன். இதை நான் யோசித்ததே இல்லை. நன்றி தம்பி.

கொழும்புப் புள்ளி:
இலங்கையிலிருந்து எழுதுகிறேன். சுனாமிக்குப் பிறகு இங்கே எத்தனையோ அமைப்புகள் வந்து அலையாத்தி நட்டன. 1,000 முதல் 1,200 ஹெக்டேர் வரை நட்டதில் 200 முதல் 220 ஹெக்டேர்தான் தேறியது என்று 2017ல் வெளிவந்த ஆய்வு சொல்கிறது. பார்த்த 23 இடங்களில் 9 இடங்களில் ஒரு செடிகூட மிஞ்சவில்லை. தவறான இடம், தவறான இனம், நட்ட பிறகு யாரும் திரும்பிப் பார்க்காதது. படம் எடுக்க வசதியான இடத்தில் நடுகிறார்கள், அது பெரும்பாலும் தாழ்வான சேற்று வெளி, எந்நேரமும் தண்ணீர் நிற்கும். அங்கே சுரபுன்னையின் நீளக் காயைக் குத்திவைப்பது சுலபம், நேராக நிற்கும், பார்க்க அழகாக இருக்கும். அதனால் அதையே எல்லா இடத்திலும் குத்துகிறார்கள்.

பிலிப்பைன்ஸில் ஜர்கென் பிரிமவேரா என்ற விஞ்ஞானி இதற்காகவே பல ஆண்டுகளாகப் போராடியவர். கடல்புல் வளரும் இடத்திலும் திறந்த சேற்று வெளியிலும் நடாதீர்கள், கைவிட்ட மீன்பண்ணைக் குளங்களின் கரையை உடைத்துத் தண்ணீரை விடுங்கள், அங்கேதான் முன்பு காடு இருந்தது என்று சொல்லிக்கொண்டே இருப்பவர். குளங்களுக்குச் சொந்தக்காரர்கள் செல்வாக்குள்ளவர்கள், அதனால் எல்லோரும் யாரும் உரிமை கேட்காத சேற்று வெளிக்கே போகிறார்கள் என்பது அவருடைய குற்றச்சாட்டு. நம் பக்கத்துக்கும் இது அப்படியே பொருந்தும் என்று நினைக்கிறேன்.

தொண்டிக் கரை:
பொருந்தும். நான் கரையிலேயே இருக்கிறவள். நீங்கள் எல்லோரும் நல்ல மனதோடு பேசுகிறீர்கள், ஆகையால் நேராகவே சொல்கிறேன். நடுவதற்குக் காட்டும் அந்தச் சேற்று வெளி சும்மா கிடக்கும் இடமில்லை. பெண்கள் நண்டு பிடிக்கிற இடம், கையால் இறால் தடவுகிற இடம். சில வருஷத்துக்கு முன் ஒரு கூட்டம் வேன்களில் வந்து இறங்கி, பிள்ளைகளை வரிசையாக நிறுத்தி நட்டுவிட்டுப் போனது. எங்களை யாரும் கேட்கவில்லை. முதல் மழைக்காலத்து அலையிலேயே பாதி போயிற்று, மீதியில் பாசியும் சிப்பியும் ஏறிச் சாய்ந்தது. கட்டிவைத்த மூங்கில் குச்சியில் வலை கிழிந்ததுதான் மிச்சம்.

எங்கள் பக்கத்துக் காரங்காட்டில் காடு நிற்கிறது என்றால் ஊர்க்காரர்கள் காவல் காப்பதால். அங்கே வனத்துறையும் ஊரும் சேர்ந்து படகு விடுகிறார்கள், வருகிற வருமானத்தில் ஊருக்குப் பங்கு இருக்கிறது. வெட்ட யார் வந்தாலும் விடமாட்டார்கள். எங்களுக்குக் கார்பன் தெரியாது, ஆனால் காட்டு ஓரத்தில்தான் குஞ்சு மீன் வளரும் என்று எங்கள் ஆத்தா காலத்திலிருந்தே தெரியும்.

கல்லுக்கட்டி:
தங்கச்சி சொன்னதுதான் எல்லாவற்றிலும் முக்கியமானது. பிச்சாவரத்திலும் இருளர் குடும்பங்களையும் மீனவர்களையும் சேர்த்துக்கொண்ட பிறகே வேலை நிலைத்தது. இறால் பண்ணைகளை எதிர்த்து உச்ச நீதிமன்றம் வரை போய் 1996 டிசம்பரில் தீர்ப்பு வாங்கிய சர்வோதயத் தலைவர் எஸ். ஜெகந்நாதன் பழைய ராமநாதபுரம் மாவட்டத்துக்காரர்தான், அவர் பின்னால் நின்றதும் கடலோரத்துக் கூலிக்காரப் பெண்கள்.

இன்னொரு தொழில்நுட்ப விஷயம். பாக் நீரிணையில் கடல் ஏற்ற இறக்கம் மிகக் குறைவு, ஒரு மீட்டருக்குள்தான். அதனால் தரை அரை அடி கூடினாலும் குறைந்தாலும் மரம் பிழைப்பதும் சாவதும் மாறிவிடும். மட்டம் பார்க்காமல் நடுவது வீண். கடல் மட்டம் உயர்வதையும் சேர்த்துப் பாருங்கள். ஆண்டுக்கு 6 மில்லிமீட்டருக்கு மேல் உயர்ந்தால் அலையாத்தி மண்ணைச் சேர்த்து மேலே ஏறி ஈடுகொடுப்பது கடினம் என்று 2020ல் சயின்ஸ் இதழில் வந்தது. அப்போது காடு கடலை விட்டு உள்நிலப் பக்கமாக நகர வேண்டும். நகரும் இடத்தில் உப்பளமும் பண்ணையும் சுவரும் இருந்தால் எங்கே போகும்? பின்னால் கொஞ்சம் நிலத்தைக் காலியாக விட்டுவைப்பதுகூட இந்தக் காட்டுக்குச் செய்யும் உதவிதான்.

கண்டனூர் ஆச்சி:
நன்னீரைப் பற்றி யாரும் பேசவில்லையே. அலையாத்திக்கு ஆற்றுத் தண்ணீரும் வேண்டும் என்று படித்தேன். காவிரியில் வரத்துக் குறைந்ததால் பிச்சாவரத்தில் உப்பு கூடி, சில இனங்கள் மெலிந்து உப்பைத் தாங்கும் வெண்கண்டல்தான் பெருகிவிட்டதாமே?

கல்லுக்கட்டி:
ஆமாம் ஆச்சி. நம் பக்கம் காவிரி இல்லை, ஆனால் பாம்பாறு, கோட்டைக்கரையாறு வடிநிலம் சிவகங்கைச் சீமையிலிருந்து பாக் நீரிணைக்குத்தான் இறங்குகிறது. ஒரு கண்மாய் நிரம்பி மறுகால் பாய்ந்து அடுத்த கண்மாய்க்குப் போய், கடைசியில் மிஞ்சுவது கடலுக்கு. வழியெல்லாம் சீமைக்கருவேலம் மூடி, ஓடை மேல் வீடு கட்டி வைத்திருக்கிறோம். ஐப்பசி கார்த்திகை மழையில் அந்த நீர் கழிமுகம் வரை போய்ச் சேர்ந்தால்தான் அங்கே உப்பு கழுவப்படும்.

கணக்கு நோட்டு:
இது எனக்குப் பிடிக்கிறது. நம் கண்மாய்க்கும் நல்லது, கீழே இருப்பவர்களுக்கும் நல்லது, யாரும் வெறும் எண்ணைக் காட்டி ஏமாற்ற முடியாது. நானும் பணம் போடுகிறேன்.

ஆத்தங்குடிக்காரன்:
எல்லாவற்றையும் அப்பச்சிக்கு வாசித்துக் காட்டினேன். ரங்கூன் பேரன் எழுதியதை இரண்டு முறை வாசிக்கச் சொன்னார்கள். கன்றுக் குழுவிடம் தண்ணீர் மட்டம் அளந்தீர்களா, ஊரில் கேட்டீர்களா என்று கேட்டேன், சரியான பதில் இல்லை, அதனால் வேண்டாம் என்று சொல்லிவிட்டோம்.

இப்போதைக்கு யோசித்திருப்பது இது. ஒரு பங்கை எங்கள் ஊர்க் கண்மாயின் மறுகால் ஓடையைச் சுத்தம் செய்யக் கொடுக்கிறோம், கருவேலத்தை வேரோடு எடுத்து, ஓடையை அடுத்த கண்மாய் வரை திறந்துவிடுவதாக ஏற்பாடு. ஊர்க்கூட்டத்தில் மகமையிலிருந்தும் (ஊர்ப் பொதுப்பணம்) சேர்த்துத் தரக் கேட்கப் போகிறேன். இன்னொரு பங்கு கடலோரத்துக்கு, ஆனால் கன்றுக்கு இல்லை. ஏற்கெனவே வெட்டிய கால்வாய்கள் எங்கே தூர்ந்து கிடக்கின்றன, தூர்வாரும் கூலி கரையோரத்துப் பெண்களுக்கே போகும்படி செய்ய முடியுமா என்று ராமநாதபுரம் வனத்துறைக்கும் தொண்டி வளாகத்துக்கும் கடிதம் எழுதுகிறேன். வனத்துறை அனுமதி இல்லாமல் உள்ளே மண்வெட்டி வைக்கக் கூடாது என்பது தெரியும்.

தொண்டிக் கரை அக்கா, கடிதம் எழுதுவதற்கு முன் உங்கள் ஊர்ப் பெண்களை ஒருமுறை பார்த்துப் பேச வேண்டும். எப்போது வரலாம்?

தொண்டிக் கரை:
ஞாயிற்றுக்கிழமை வாங்க தம்பி, அன்று பெரும்பாலும் யாரும் கடலுக்குப் போகமாட்டார்கள். காலையிலேயே வந்துவிடுங்கள், தண்ணீர் வற்றியிருக்கும்போது எந்தக் கால்வாய் அடைத்திருக்கிறது என்று நடந்தே காட்டுகிறோம். அப்பச்சியையும் கூட்டிக்கொண்டு வாங்க. சேற்றில் இறங்க வேண்டாம், கரையில் நாற்காலி போட்டுத் தருகிறோம்.